தாய்ப்படுகையைக் காத்தல்: கோலா சிலாங்கூர்க் கெராங்கின் வீழ்ச்சியும் மீட்சியும்

கெராங் என்னும் சேற்று மட்டியைப் பிளந்தால் சிவப்பாக நீர் வடியும். அதை அழுக்கென்று எண்ணிக் கழுவிக் கொட்டுகிறவர்கள் உண்டு. அது இரத்தம். நத்தை, கணவாய், அபலோன் போன்ற மெல்லுடலிகளில் பெரும்பாலானவற்றுக்குச் செம்பு கலந்த நீலநிறக் குருதி ஓடுகிறது. கெராங்கின் உடலிலோ நமக்கு உள்ளதைப் போலவே இரும்பு சார்ந்த ஹீமோகுளோபின். ஆக்சிஜன் குறைந்த சேற்றுக்குள் புதைந்து வாழ அதற்கு வாய்த்த வசதி அது. சேற்றுக்கென்றே அமைந்த அந்த உயிர், மலேசியாவின் கோலா சிலாங்கூர்ச் சேற்றில் அருகிப் போனது எப்படி, அதைத் திரும்பக் கொண்டுவர என்ன செய்யலாம் என்பதைத்தான் இக்கட்டுரை ஆராய்கிறது.

புக்கிட் ரோத்தானில் நின்றால் கடல் தெரியாது. ஸ்ரீ சக்தி தேவஸ்தானத்தின் கோபுரம் தெரியும், அதைச் சுற்றிச் செம்பனை தெரியும். ஆனால் மேற்கே ஏறக்குறையப் பத்து கிலோமீட்டர் போனால் சிலாங்கூர் ஆறு கடலில் கலக்கும் இடம். ஆற்றின் வடகரையில் பாசிர் பெனாம்பாங் மீனவர் குடியிருப்பு. தெற்கே கரையோரமாக இறங்கினால் ஜெராம், பந்தாய் ரெமிஸ். ரெமிஸ் என்பதே ஒரு சிறு மட்டியின் மலாய்ப் பெயர். ஒரு கடற்கரைக்கு மட்டியின் பெயரை வைக்கும் அளவுக்கு இந்தச் சேற்றில் உயிர் கொழித்திருக்கிறது. என் சிறுவயதில், சம்பளம் போட்ட ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா மோட்டார் சைக்கிளில் போய்ச் சாக்கில் கெராங் வாங்கி வருவார். மீனுக்குக் காசு போதாத வாரத்திலும் கெராங்குக்குப் போதும். வெந்நீரில் போட்டு எடுத்து, சம்பலைத் தொட்டுத் தின்றுகொண்டே லயத்து வாசலில் ஓட்டைக் குவிப்போம். அந்த ஓடுகள் மழையில் வெளுத்து வருடக்கணக்கில் மண்ணில் கிடந்தன. கெராங் அன்று ஏழையின் புரதம். இன்று கடையில் எடை போடுவதற்கு முன் விலை கேட்க வேண்டியிருக்கிறது.

தமிழகத்தில் இதை மட்டி வகையோடு சேர்ப்பார்கள். அறிவியல் நூல்களில் அனடாரா கிரனோசா என்று வழங்கி வந்து, இப்போது டெகிலார்கா கிரனோசா என்று எழுதப்படுகிறது. இரண்டு ஓடுகள், ஒவ்வொன்றிலும் விசிறி மடிப்புப் போல் தடித்த வரிகள். ஆறு கொண்டுவரும் நுண்சேறு படிகிற, அலை அடங்கிய, வற்றத்தில் வெளியே தெரிகிற சமதளமே இதன் வீடு. சேற்றின் மேல் படரும் நுண்பாசியையும் மட்கிய துகள்களையும் வடிகட்டித் தின்கிறது. கடல்நீரின் உப்பு மிகவும் குறைந்தால் ஓட்டை இறுக மூடிக்கொண்டு காத்திருக்கும். மூடியிருக்கும் நேரத்தில் உண்ணவும் முடியாது, வளரவும் முடியாது.

இந்த உயிரைப் பற்றி அறிவியல் முறையில் முதலில் எழுதியவர்களுள் ஒருவர் டி. பத்தன்சாலி. பெயரைக் கேட்டதும் பதஞ்சலி என்றே நம் காதில் விழும். பினாங்கு குளுகோரில் இருந்த மீன்வள ஆராய்ச்சிக் கழகத்தின் ஆய்வாளர் அவர். மலாயாவின் கெராங் வளர்ப்பைப் பற்றி 1958 இலும், கெராங்கின் உயிரியலைப் பற்றி 1966 இலும் அவர் எழுதிய ஆய்வுகளை இன்றும் உலகெங்கும் கெராங் பற்றி எழுதுகிறவர்கள் மேற்கோள் காட்டுகிறார்கள். முதன்மைக் கேள்விகளை அவர் தலைமுறை அப்போதே கேட்டுவிட்டது: இது எப்போது இனப்பெருக்கம் செய்கிறது, எவ்வளவு வேகமாக வளர்கிறது, எந்த உப்பில் திணறுகிறது. நம் நாட்டில் இத்துறையில் அறிவுப் பஞ்சம் இருந்ததில்லை.

இனப்பெருக்கத்தைச் சற்று விரிவாகப் பார்க்க வேண்டும். மற்றதெல்லாம் இதிலிருந்துதான் புரியும். கெராங்கில் ஆண் வேறு, பெண் வேறு. பெண் முட்டைகளை நீரில் விடுகிறது, ஆண் விந்தை நீரில் விடுகிறது. இரண்டும் சந்திப்பது வெளியே, ஓடுகிற தண்ணீரில். ஒரு பெண் லட்சக்கணக்கில் முட்டையிடும். கருவுற்ற முட்டை கண்ணுக்குத் தெரியாத இளவுயிரியாகி மூன்று நான்கு வாரம் நீரோட்டத்தோடு அலையும். பிறகு தகுந்த சேறு கிடைத்தால் அதில் இறங்கி ஓடு கட்டத் தொடங்கும். கிடைக்காவிட்டால் அதோடு முடிந்தது. இறங்கி நிலைத்து மிளகளவு வளர்ந்ததை மலாயில் பெனிஹ் என்பார்கள், நாம் விதை என்போம். எங்கெல்லாம் ஆண்டுதோறும் விதை இறங்குகிறதோ அந்தச் சேற்றைத் தாய்ப்படுகை என்று இக்கட்டுரையில் குறிப்பிடுகிறேன். சிலாங்கூர்க் கரையில் கோலா சிலாங்கூர் முதல் ஜெராம் வரை அப்படிப்பட்ட படுகைகள் இருந்தன. இங்கே அள்ளிய விதை உள்ளூர்ப் படுகைகளில் மட்டுமா விதைக்கப்பட்டது? பிற மாநிலங்களுக்கும் போனது. தாய்லாந்தின் கெராங் வளர்ப்பும் ஒரு காலத்தில் மலேசிய விதையை நம்பித்தான் நடந்தது.

மலேசியாவில் கெராங் வளர்ப்பு 1948 இல் பேராக் மாநிலத்தின் பாகான் பாஞ்சோரில் தொடங்கியது. இயற்கையாக விதை இறங்கிய இடத்தில் நெருக்கியடித்துக் கிடப்பதை வலைக்கம்பிக் கூடையால் அள்ளி, தமக்கு ஒதுக்கிய சேற்றுப்பரப்பில் சம்பானிலிருந்து தூவினார்கள் மீனவர்கள். நெருக்கம் குறைந்ததும் அது வேகமாக வளர்ந்தது. ஒன்று ஒன்றரை ஆண்டில் அறுவடை. குளம் வெட்ட வேண்டியதில்லை, தீனி போட வேண்டியதில்லை, மருந்து தெளிக்க வேண்டியதில்லை. வற்றத்தில் பலகையின் மேல் ஒரு முழங்காலை ஊன்றி, மறுகாலால் சேற்றை உந்தித் தள்ளிக்கொண்டு போகும் மனிதரின் உடல் உழைப்பும், ஆறு கொண்டுவரும் சேறும் போதும். நீர்வாழ் உயிர் வளர்ப்பில் இவ்வளவு சிக்கனமான முறை வேறு குறைவு. அதனால்தான் அது பரவியது. 1980 இல் நாட்டின் கெராங் விளைச்சல் ஒரு லட்சம் டன்னைத் தாண்டியது.

ஆனால் இதை வளர்ப்பு என்று அழைத்ததிலேயே ஒரு மயக்கம் இருந்தது. நெல் விவசாயி அறுவடையில் ஒரு பங்கை விதைநெல்லாகக் குதிரில் எடுத்து வைக்கிறார். கெராங் வளர்ப்பவர் நாற்றைப் பிடுங்கி நடுகிறாரே தவிர, விதைக்குதிர் அவரிடம் இல்லை. அது கடலிடம் இருக்கிறது. கடல் தருகிற வரையில் அப்படி ஒன்று இருக்கிறது என்ற நினைவே எவருக்கும் எழவில்லை. பண்ணைக்கு உரிமம் உண்டு, எல்லைக்கம்பு உண்டு, கணக்கு உண்டு. விதையைப் பெற்ற முதிர்ந்த கெராங்குகள் எங்கே எத்தனை கிடக்கின்றன என்பதற்கு அதே அக்கறையோடு கணக்கு வைக்கப்படவில்லை. பெற்றவளை எண்ணாமல் பிள்ளைகளை எண்ணிக்கொண்டிருந்தோம்.

2010 இல் மலேசியாவின் கெராங் விளைச்சல் சுமார் 78,000 டன். அடுத்த நான்கைந்து ஆண்டுகளில் அது 20,000 டன்னுக்கும் கீழே போனது. அதற்குப் பிறகும் பழைய அளவு திரும்பவில்லை. கோலா சிலாங்கூர்க் கரையில் அடி விழுந்தது முதலில் விதையில். விதை இறங்க வேண்டிய பருவத்தில் சேற்றை அள்ளிப் பார்த்தவர்களுக்குக் கூடையில் வெற்று ஓடுகளே மிஞ்சின. வெளியிலிருந்து விதை வாங்கித் தூவினால் அதிலும் பெரும்பகுதி செத்தது. கடன் வாங்கி விதை வாங்கிய குடும்பங்கள் அந்தப் பணத்தைச் சேற்றில் கொட்டியதாகவே முடிந்தது. விதையை ஏற்றுமதி செய்த நாட்டின் சந்தைக்கு இன்று தாய்லாந்திலிருந்தும் இந்தோனேசியாவிலிருந்தும் கெராங் வருகிறது.

காரணங்களைப் பட்டியலிடும்போது ஆய்வுகள் ஒன்றை மட்டும் கைகாட்டுவதில்லை. விதையை அளவுக்கு மீறி, அனுமதியில்லாமலும், அள்ளியது, ஆற்றுநீரின் மாசு, கழிவிலிருந்து சேரும் அம்மோனியா, கடற்கரைக் காடுகள் சுருங்கியது, கரையோர நிலமாற்றத்தால் சேற்றின் தன்மையே மாறியது. இவை ஒன்றின் மேல் ஒன்றாக விழுந்தன. இவற்றில் எது முதல் காரணம் என்ற வாதத்தில் காலம் கடத்துவது வீண் என்பது என் கருத்து. முதிர்ந்த கெராங்குகள் அடர்த்தியாக இருந்திருந்தால் ஒரு கெட்ட ஆண்டை அவை தாங்கியிருக்கும். தண்ணீர் நன்றாக இருந்திருந்தால் குறைவான முதிர்ந்தவையும் இனத்தைக் கரையேற்றியிருக்கும். இரண்டும் ஒருசேரக் கெட்டதால்தான் விதை நின்றது.

இங்கே அபலோனின் கதை நமக்கு உதவும். சீனப் புத்தாண்டுக் காலத்தில் டின்னில் அடைத்து விற்பனைக்கு அடுக்கி வைத்திருப்பார்களே, அந்த விலையுயர்ந்த ஒற்றை ஓட்டு உயிர். உலகில் உள்ள 54 அபலோன் இனங்களில் 20 அழிவின் அச்சுறுத்தலில் இருப்பதாகப் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் 2022 டிசம்பரில் அறிவித்தது. அவற்றுள் ஒன்று கலிபோர்னியாக் கரையின் வெள்ளை அபலோன். சுவை மிகுந்த இறைச்சிக்காக 1970களில் முக்குளிப்போர் அதைத் தேடிப் பெயர்த்தெடுத்தார்கள். 1972 இல் பிடிப்பு உச்சத்தைத் தொட்டது. சில ஆண்டுகளிலேயே சரிந்தது. ஆனால் மீன்பிடிப்பு மூடப்பட்டது 1996 இல்தான். 2001 இல் அமெரிக்காவின் அழிநிலை உயிரினச் சட்டத்தின் கீழ்ப் பாதுகாக்கப்பட்ட முதல் முதுகெலும்பற்ற கடலுயிர் என்ற இடம் அதற்குக் கிடைத்தது. துயரமான முதலிடம்.

பிடிப்பதை நிறுத்திய பிறகும் அது ஏன் பெருகவில்லை? கெராங்கைப் போலவே அபலோனும் முட்டையையும் விந்தையும் நீரில் விடுகிற உயிர். ஆணும் பெண்ணும் சில மீட்டருக்குள் இருந்தால்தான் விந்து நீரில் கரைந்து போவதற்கு முன் முட்டையைச் சேரும். கலிபோர்னியக் கடலடியில் ஆய்வாளர்கள் இறங்கிப் பார்த்தபோது ஆயிரக்கணக்கில் வெள்ளை அபலோன்கள் இன்னும் உயிரோடுதான் இருந்தன. ஒன்றுக்கும் இன்னொன்றுக்கும் இடையிலான தூரம்தான் அவற்றை மலடாக்கியிருந்தது. அவை ஒவ்வொன்றும் தனியே முதிர்ந்து, தனியே முட்டையிட்டு, தனியே செத்துக்கொண்டிருந்தன. எண்ணிக்கை இருந்தும் இனம் இல்லாத நிலை அது. பிடிப்பவர் கண்ணுக்கு ‘இன்னும் கொஞ்சம் இருக்கிறதே’ என்று தெரிகிற நேரத்தில், உயிரியலின் கணக்கில் எல்லாம் முடிந்திருக்கும்.

இதனால் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தின் பொடேகா கடலாய்வுக் கூடத்தில் 2011 முதல் வெள்ளை அபலோனைத் தொட்டிகளில் இனப்பெருக்கம் செய்து வருகிறார்கள். அங்கும் தெற்குக் கலிபோர்னியாவின் கூட்டு நிலையங்களிலும் வளர்ந்த இளம் அபலோன்கள் 2019 இல் முதன்முறையாகக் கடலில் விடப்பட்டன. பிடிப்பின் உச்சத்திலிருந்து முதல் விடுவிப்பு வரை 47 ஆண்டுகள். வெள்ளை அபலோன் பருவமடையவே பல ஆண்டுகள் எடுக்கும். அபலோனின் குருதி உறைவதில்லை, பெயர்த்தெடுக்கும்போது காயம்பட்டால் திரும்பப் போட்டாலும் பிழைப்பது அரிது. கெராங் அவ்வளவு நலிந்ததன்று. ஓராண்டுக்குள் பருவமடையும், லட்சக்கணக்கில் பெருகும். நமக்கு இன்னும் நேரம் இருக்கிறது என்று நான் நம்புவதற்கு அதுவே காரணம்.

தமிழர் கடலிலும் இதற்கு ஒரு முன்கதை உண்டு. தூத்துக்குடிக்கு அப்பால், மன்னார் வளைகுடாவில் பார் எனப்படும் கடலடிப் பாறைத்திட்டுகளில் முத்துச்சிப்பி ஒரு பருவத்தில் கொழிக்கும், பல ஆண்டுகள் காணாமற்போகும், மறுபடி வரும். 1955 இல் தொடங்கிய முத்துக்குளிப்பு 1961 இல் நின்றது. அதற்குப் பிறகு இன்றுவரை அங்கே முத்துக்குளிப்பு நடத்தும் அளவுக்குச் சிப்பி சேரவில்லை. இந்தியாவின் மத்தியக் கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனம் சும்மா இருக்கவில்லை. 1973 இல் தூத்துக்குடியில் கே. அழகர்சாமியின் குழு வளர்ப்பு முத்தை உருவாக்கியது. 1981 இல் பொரிப்பகத்தில் முத்துச்சிப்பிக் குஞ்சுகளை உண்டாக்கியது. 1980களின் நடுவில் அந்தக் குஞ்சுகளைப் பார்களில் கொண்டுபோய் விட்டுப் பார்த்தார்கள். அறிவியல் வென்றது, பார் நிரம்பவில்லை. தொட்டியில் குஞ்சு பொரிப்பது ஒரு கலை. கடலடியில் அதைத் தின்னும் மீனுக்கும் நண்டுக்கும், மூடிவிடும் மணலுக்கும் நடுவே அது நிலைத்து, மறுபடி தானே பெருகுவது வேறொன்று. தூத்துக்குடி சொல்லித்தரும் இந்தப் பாடத்தைக் கோலா சிலாங்கூரில் மறந்தால் பணம்தான் கரையும்.

நம் நாட்டிலும் பொரிப்பக முயற்சிகள் உள்ளன. மீன்வளத் துறையின் கெடா புலாவ் சாயாக் ஆய்வு நிலையமும், பினாங்கில் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் கடல், கரையோர ஆய்வு மையமும் இரட்டை ஓட்டு உயிர்களை வளர்ப்பதில் அனுபவம் பெற்றவை. அவற்றை நான் குறைத்துச் சொல்லவில்லை. பொரிப்பகத்து விதை வேண்டும். ஆனால் அந்த விதை எந்தச் சேற்றில் இறங்கப் போகிறது, எந்த ஆற்றுநீரைக் குடிக்கப் போகிறது என்ற கேள்வி அதற்கும் முன்னால் நிற்கிறது. அங்கேதான் புக்கிட் ரோத்தானும் அதைச் சுற்றிய தோட்டங்களும் இந்தக் கதைக்குள் வருகின்றன.

சிலாங்கூர் ஆறு கோலா குபு பாருவுக்கு மேலே தித்திவாங்சா மலையில் பிறக்கிறது. ரவாங் பக்கத்துத் தொழிற்பேட்டைகளின் நீரும், பெஸ்தாரி ஜெயாவின் பழைய ஈயக் குட்டைகளின் நீரும், செம்பனைத் தோட்டத்துக் கால்வாய்களின் நீரும் அதில் சேர்கின்றன. வடக்கே தஞ்சோங் காராங், செகிஞ்சான் வயல்களின் வடிநீரும் தனி வாய்க்கால்கள் வழியே இதே கடற்கரைக்குத்தான் வந்து சேர்கிறது. தோட்டத்தில் ‘பாரிட்’ என்று நாம் அழைக்கும் கால்வாயில் குதித்து விளையாடிய பிள்ளைகளில் நானும் ஒருவன். அந்தத் தண்ணீர் எங்கே போகிறது என்று எவரும் எங்களுக்குச் சொன்னதில்லை, நாங்களும் கேட்டதில்லை. அது போய்ச் சேர்ந்த இடம் நாங்கள் ஞாயிற்றுக்கிழமை தின்ற கெராங்கின் வாய்.

செம்பனை ஆலைக் கழிவு பற்றி நம்மவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டிய ஒரு கணக்கு உண்டு. பதப்படுத்தாத ஆலைக் கழிவை நீரில் விட்டால் அதை நுண்ணுயிர்கள் தின்று செரிக்கும்போது தண்ணீரின் ஆக்சிஜனை உறிஞ்சிவிடும். ஒரு லிட்டர் கழிவைச் செரிக்க அவை கேட்கும் ஆக்சிஜன் ஏறக்குறைய 25,000 மில்லிகிராம். 1977 இல் மலேசியா செம்பனை ஆலைகளுக்கென்றே தனி விதிமுறைகளைக் கொண்டுவந்தது. அடுத்த ஆண்டு 5,000 மில்லிகிராம் என்று தொடங்கிய வரம்பு படிப்படியாக இறக்கப்பட்டு 1984 இல் 100 ஆனது. உலகமே பாராட்டிய சட்டம் அது. வளரும் நாடு ஒன்று தன் முதன்மைத் தொழிலின் மேல் இவ்வளவு கடுமையான கட்டுப்பாட்டை விதித்து, அதை நடைமுறைக்கும் கொண்டுவர முடிந்தது. ஆறு கெடுவது விதி என்று சொல்பவர்களுக்கு இதைவிட நல்ல மறுப்பு கிடையாது. ஆனால் அந்தக் கட்டுப்பாடு ஆலையின் குழாய்வாயில் நிற்கிறது. தோட்டத்தில் தூவும் உரம், குடியிருப்புகளின் சாக்கடை, கால்நடைக் கழிவு, மழை கழுவிக்கொண்டு வரும் களைக்கொல்லி இவற்றுக்குக் குழாய்வாய் கிடையாது. எங்கே நின்று அளப்பது?

வேறொன்றும் உண்டு, அது மாசைப் போல் கண்ணுக்குப் படாது. காடாகவும் சதுப்பாகவும் இருந்த நிலம் மழைநீரைப் பிடித்து வைத்து மெல்ல விட்டது. கால்வாய் வெட்டிய நிலமும் தார் போட்ட நிலமும் அதை ஒரே மூச்சில் ஆற்றுக்குள் தள்ளுகின்றன. கரையில் நன்னீர் வெள்ளம் திடீரென நிறைந்தால் கெராங் ஓட்டை மூடிக்கொள்ளும் என்று முன்பே சொன்னேன். ஒரு நாள் மூடலாம், இரண்டு நாள் மூடலாம். மிளகளவு விதைக்கு அவ்வளவு பொறுமை கிடையாது.

2020 செப்டம்பர் தொடக்கத்தில் ரவாங்கின் சுங்கை கோங் பகுதியிலிருந்து ஆற்றில் கலந்த கழிவின் நாற்றத்தால் சிலாங்கூர் ஆற்றை நம்பிய நான்கு நீர்ச் சுத்திகரிப்பு நிலையங்கள் மூடப்பட்டன. கோலாலம்பூரிலும் சிலாங்கூரிலும் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கணக்குகளுக்குக் குழாயில் நீர் நின்றது. நாடே கொதித்தது, கொதிக்க வேண்டியதுதான். நகரத்துக்கு நீர் எடுக்கும் வாயில் அடைக்கப்பட்டபோது அந்த ஆறு ஓடுவதை நிறுத்தவில்லை. குழாய்க்குப் போகாத நீர் முகத்துவாரத்துக்குப் போனது. அங்கே கிடந்த உயிர்களுக்கு வாயை மூடிக்கொள்வதைத் தவிர வேறு நிலையம் இல்லை. சேற்றில் என்ன நடந்தது என்று எந்த மாலைச் செய்தியும் கேட்கவில்லை.

புக்கிட் ரோத்தானுக்கு அருகில் கம்போங் குவந்தான் மின்மினிகளைப் பார்க்க உலகின் பல நாடுகளிலிருந்து வருகிறார்கள். பெரெம்பாங் மரங்களில் ஒரே தாளத்தில் மின்னும் அந்தப் பூச்சிகளுக்காக ஆற்றங்கரை மரங்களை வெட்டாதீர்கள் என்று குரல் எழுந்தது, மாநில அரசும் செவிசாய்த்தது. 1987 முதல் கோலா சிலாங்கூர் இயற்கைப் பூங்காவும் இருக்கிறது. சேற்றில் இறங்கும் வலசைப் பறவைகளுக்காக அந்தக் கரை பன்னாட்டளவில் பெயர் பெற்றது. மின்மினி ஒளிர்கிறது, பறவை பறக்கிறது, படகு வாடகை வருகிறது. கெராங் ஒளிர்வதும் இல்லை, பறப்பதும் இல்லை. ஆனால் மின்மினிக்கும் பறவைக்கும் கெராங்குக்கும் வேண்டியது ஒன்றே: கரை மரங்களும் கெடாத ஆறும். மின்மினிக்குக் கிடைத்த காவலை முகத்துவாரத்துச் சேறு வரை நீட்டுவது புதிய சிந்தனை எதையும் கேட்கவில்லை, ஆறு அங்கே முடிகிறது என்ற நினைவை மட்டுமே கேட்கிறது.

சேறு கெட்டால் அதைத் தின்பவர்களும் தப்ப முடியாது. 1988 இல் சீனாவின் ஷாங்காய் நகரில் கெராங்கின் உறவான ஒரு மட்டியை அரைவேக்காடாகத் தின்றதால் ஏறக்குறைய மூன்று லட்சம் பேரை மஞ்சள்காமாலை தாக்கியது. சாக்கடை கலந்த கரையில் அந்த மட்டிகள் வளர்ந்திருந்தன. வடிகட்டித் தின்னும் உயிர் நீரில் இருப்பதையெல்லாம் தன்னுள் சேர்த்துக்கொள்ளும். ஆற்றின் நிலையைச் சொல்லும் மருத்துவ அறிக்கை அதன் சதையில் எழுதப்பட்டிருக்கிறது.

மீட்சி நடக்கக்கூடியது என்பதற்குக் கேரளத்தின் அஷ்டமுடிக் காயல் அருகிலேயே இருக்கும் சான்று. கொல்லத்தில் அந்தக் காயலின் மட்டி 1980களில் ஏற்றுமதிச் சரக்காகி, 1990களின் தொடக்கத்தில் பிடிப்பு உச்சத்துக்குப் போய், உடனே பாதியாகச் சரிந்தது. அங்கே மீனவரும் ஆய்வாளரும் அரசும் உட்கார்ந்து பேசி மூன்று கட்டுப்பாடுகளை ஏற்றார்கள். இனப்பெருக்கப் பருவமான டிசம்பர் முதல் பிப்ரவரி வரை மட்டி எடுப்பதில்லை. வலைக்கண் 30 மில்லிமீட்டருக்குக் குறையக் கூடாது. ஒரு கிலோவுக்கு 1,400 சதைத்துண்டுகளுக்கு மேல் ஏறும் சிறு மட்டியை ஏற்றுமதி செய்வதில்லை. மூன்றுமே காயலில் இறங்கும் மனிதரே சரிபார்க்கக்கூடியவை. 2014 இல் கடல்வளப் பொறுப்பாண்மைக் கழகத்தின் சான்றிதழ் இந்தியாவிலேயே முதன்முதலாக அந்த மீன்பிடிப்புக்குக் கிடைத்தது. பின்னாளில் அஷ்டமுடியிலும் மட்டி மறுபடி குறைந்தது, மறுபடி பொரிப்பகக் குஞ்சுகளை விட வேண்டியிருந்தது. காவல் ஒருநாள் வேலை கிடையாது என்பதையும் அதே காயல் காட்டிவிட்டது.

நம்மிடம் சட்டம் இல்லாமல் இல்லை. 1985 ஆம் ஆண்டின் மீன்வளச் சட்டம் இருக்கிறது. அதன் கீழ்க் கெராங் பாதுகாப்புக்கும் வளர்ப்புக்கும் தனி விதிமுறைகள் உள்ளன. உரிமமில்லாமல் விதையை அள்ளக் கூடாது. விற்பனைக்கு எடுக்கும் கெராங் 31.8 மில்லிமீட்டருக்குக் குறையக் கூடாது. நான் சேர்க்கச் சொல்வது இரண்டு. முதலாவது, கோலா சிலாங்கூர்க் கரையில் விதை இறங்கிய பழைய படுகைகளில் சிலவற்றை எவருக்கும் உரிமம் தராமல் நிரந்தரமாக மூடி, அங்கே முதிர்ந்த கெராங்குகளை நெருக்கமாகக் கொட்டி வைத்துத் தொடவே கூடாத தாய்ப்படுகைகளாக அறிவிப்பது. பொரிப்பகத்துச் செலவில் ஒரு பகுதியை, விதையாகத் தூவாமல், இந்தத் தாய்களை வளர்த்து வைப்பதற்குத் திருப்பலாம். சிதறிக் கிடக்கும் பத்தாயிரத்தைவிட ஒரே இடத்தில் சேர்ந்து கிடக்கும் ஆயிரம் அதிக விதை தரும். வெள்ளை அபலோன் இதைத்தான் கற்றுத் தந்தது. காவலுக்கு அந்தக் கரையின் மீனவர்களையே கூலி கொடுத்து அமர்த்த வேண்டும். சேற்றில் எந்தப் பலகை எப்போது போகிறது என்று அவர்களைவிட எவருக்கும் தெரியாது, கெராங் வீழ்ந்தபோது பிழைப்பை இழந்தவர்களும் அவர்களே.

இரண்டாவது, முகத்துவாரத்தின் நீரைக் குடிநீர் எடுக்கும் இடத்தில் அளப்பது போலவே கிழமைதோறும் அளந்து, உப்பு, அம்மோனியா, ஆக்சிஜன் ஆகிய மூன்றின் அளவையும் வெளியிடுவது. புக்கிட் ரோத்தான், ஜெராம், பெஸ்தாரி ஜெயா வட்டாரத் தமிழ்ப்பள்ளிகளின் அறிவியல் மன்றங்கள் தங்கள் பாரிட் நீரைத் தாங்களே சோதித்து அந்தக் கணக்கோடு சேர்க்கலாம். மலிவான சோதனைப் பெட்டிகள் கடையில் கிடைக்கின்றன. மலைநாட்டிலும் தோட்டத்திலும் ஆற்றோடு வாழ்ந்த நம் சமூகம் ஆற்றின் கடைசி மைலைப் பற்றிப் பேசியதே இல்லை. மீனவர் பிரச்சினை என்று விட்டுவிட்டோம். நம் கால்வாய் நீர் அங்கேதான் போகிறது என்பதால் இதில் நமக்கும் பேசும் உரிமையும் கடமையும் உண்டு.

கெராங் ஏறக்குறைய 20 மில்லிமீட்டர் அளவில் பருவமடைகிறது. 31.8 மில்லிமீட்டரைத் தொடுவதற்குள் அது ஒருமுறையேனும் முட்டையிட்டிருக்க வாய்ப்பு மிகுதி. அந்த எண் சட்டத்தில் இருப்பதன் பயன் அது. பாசார் மாலாமில் கெராங் வாங்கும்போது ஒன்றைக் கையில் எடுத்து அகலத்தைப் பாருங்கள். ஐம்பது சென் நாணயம் ஒன்றைவிட அது நன்றாகப் பெரிதாக இருக்க வேண்டும். சிறியதாக இருந்தால் கடைக்காரரிடம் சொல்லிவிட்டு வாங்காமல் வந்துவிடுங்கள்.